கருகிய காயிலைப் படிக்கத் தெரிந்தவர்கள்

(காட்சி: கோவை கணபதிப் பக்கம் ஒரு மோட்டார் ரீவைண்டிங் பட்டறை. மேசைமேல் பிரித்துப் போட்ட 5 எச்.பி. மோனோபிளாக் (பம்பும் மோட்டாரும் ஒன்றாகச் சேர்ந்த) மோட்டார்.)

வணக்கம். இந்த மோட்டார் காங்கேயம் பக்கத்துத் தோட்டத்துக் கிணற்றிலிருந்து வந்தது. உள்ளே காயில், அதாவது மூன்று செட்டாகச் சுற்றிய கம்பி, கருகியிருக்கிறது. ஆனால் முழுக்கக் கருகவில்லை. கொஞ்சம் கிட்ட வந்து பாருங்கள். இரண்டு செட் கறுப்பாகிவிட்டது, நடுநடுவே ஒரு செட் மட்டும் புதுக்கருக்கு மாறாமல் இருக்கிறது.

பட்டறை அண்ணா இதை ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சொன்னார்: "கன்டன்சர் போட்டு டூ பேஸ்ல ஓட்டியிருக்காங்கண்ணா. இல்லைன்னா ஒரு பீஸ் போயிருக்கணும்." பீஸ் என்றால் ஃபியூஸ். கன்டன்சர், இரண்டு பேஸிலேயே மோட்டாரை ஓட வைக்கப் போடுவது. மூன்று பேஸ், அதாவது மூன்று லைனில் மின்சாரம் வாங்கும் மோட்டாருக்கு ஒரு பேஸ் வராமல் போனால், மீதி இரண்டும் அந்தச் சுமையையும் சேர்த்து இழுக்கும். கரண்ட் ஏறும், சூடு ஏறும், அந்த இரண்டும் கருகும். எல்லாச் செட்டும் ஒரே சீராகக் கருகியிருந்தால் கதை வேறு. லோடு அதிகம், அல்லது வோல்டேஜ் குறைவு.

கொங்கு நாட்டில் ஆயிரக்கணக்கான கிணறுகளுக்குத் தேவையான அறிவு இது. பட்டறைக்குப் பட்டறை தெரியும். ஆனால் மோட்டார் பெட்டியில் இது அச்சாகவில்லை. விளம்பரத்தில் வராது. தோட்டத்துக்காரர் மோட்டார் வாங்கும்போது கடைக்காரரைக் கேட்கிறார், பக்கத்துத் தோட்டத்தைக் கேட்கிறார். விற்பதில் லாபம் இல்லாத, ஆனால் விஷயம் தெரிந்த ஒருவர் வேண்டும். நான் இன்றைக்குப் பேசப்போவது அவரைப் பற்றித்தான். தொழில்நுட்பப் பத்திரிகையாளர்.

(காட்சி: பழைய செய்தித்தாள் பக்கங்கள்.)

இந்த வேலைக்கு யார் வருகிறார்கள்? பொறியியல் படித்தவர்கள்தான் என்று நினைக்கிறோம். வால்ட் மாஸ்பெர்க்கைப் பாருங்கள். 1970-இல் அமெரிக்காவின் வால் ஸ்ட்ரீட் ஜர்னலில் சேர்ந்தவர். வாஷிங்டனில் இருந்துகொண்டு ராணுவம், வெளியுறவு என்று பெரிய பெரிய விஷயங்களை எழுதிக்கொண்டிருந்தார். அந்தப் பெருமையை விட்டுவிட்டு 1991 அக்டோபரில் கம்ப்யூட்டர் பற்றி வாரம் ஒரு பத்திக் கட்டுரை எழுத ஆரம்பித்தார். அதன் முதல் வரியின் சாரம் இதுதான்: கம்ப்யூட்டரைப் பயன்படுத்துவது ரொம்பக் கடினமாக இருக்கிறது, அதற்கு நீங்கள் காரணம் இல்லை.

அந்த ஒரு வரியில் அவர் யார் பக்கம் நிற்கிறார் என்பது தெரிந்துவிடுகிறது. அதுவரை கம்ப்யூட்டர் எழுத்து என்றால் கம்ப்யூட்டர்காரர் கம்ப்யூட்டர்காரருக்கு எழுதுவதுதான் பெரும்பாலும். இவர் காசு கொடுத்து வாங்கி வீட்டில் வைத்து முழிக்கிறவருக்காக எழுதினார். தான் எழுதும் கம்பெனிகளின் பங்குகளை வைத்துக்கொள்வதில்லை, அவர்களிடம் ஆலோசனைக் கூலி வாங்குவதில்லை என்று வெளிப்படையாகவே அறிவித்தும் வைத்திருந்தார். 2007-இல் அவரும் காரா ஸ்விஷர் என்ற பத்திரிகையாளரும் நடத்திய கருத்தரங்கில், போட்டியாளர்களான ஆப்பிளின் ஸ்டீவ் ஜாப்ஸும் மைக்ரோசாஃப்டின் பில் கேட்ஸும் ஒரே மேடையில் சேர்ந்து உட்கார்ந்தார்கள். யாருக்கும் கடன்படாத ஆள் கூப்பிட்டால்தான் அப்படி வருவார்கள் என்பது என் எண்ணம்.

சரி, அடுத்து சரிபார்ப்பது. இந்தத் தொழிலில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி இது.

(காட்சி: திரையில் கணக்கு ஒன்று மெதுவாக எழுதப்படுகிறது.)

4195835-ஐ 3145727-ஆல் வகுத்தால் 1.33382 என்று வர வேண்டும். 1994-இல் இன்டெல்லின் புது பென்டியம் சிப் 1.33373 என்று சொன்னது. நாலாவது தசம இடத்திலேயே தப்பு. வகுத்தலுக்காக சிப்புக்குள் வைத்திருந்த ஒரு வாய்ப்பாட்டில், 1,066 இடங்களில் 5 இடம் நிரப்பப்படாமல் போனதுதான் காரணம்.

இதை முதலில் பிடித்து வெளியே சொன்னவர் தாமஸ் நைஸ்லி என்ற கணிதப் பேராசிரியர். பகா எண்களை வைத்துக் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தவருக்கு விடை ஒத்துவரவில்லை. தன் கணக்கில்தான் பிழை என்று மாதக்கணக்கில் ஒவ்வொன்றாகச் சோதித்து, கடைசியில் சிப்புக்கு வந்து சேர்ந்தார். அவர் தெரிந்தவர்களுக்கு எழுதிய மின்னஞ்சல் கைமாறிப் பரவியது. 1994 நவம்பர் 7 இதழில் எலக்ட்ரானிக் இன்ஜினியரிங் டைம்ஸ் அதைச் செய்தியாகப் போட்டது. கடையில் தொங்கும் பத்திரிகை இல்லை அது, பொறியாளர்கள் படிக்கும் தொழில் பத்திரிகை. அங்கிருந்து பெரிய பத்திரிகைகள், தொலைக்காட்சி.

சாதாரண ஆளுக்கு இந்தப் பிழை 27,000 வருடத்துக்கு ஒருமுறைதான் வரும் என்றது இன்டெல். யாரும் சமாதானமாகவில்லை. டிசம்பர் 20 அன்று, கேட்கிற எல்லோருக்கும் சிப்பை மாற்றித் தருகிறோம் என்று இறங்கிவந்தார்கள். அதற்கு ஒதுக்கிய தொகை 47.5 கோடி டாலர்.

இதில் பத்திரிகையாளர் சிப்பைக் கண்டுபிடிக்கவில்லை, பிழையையும் கண்டுபிடிக்கவில்லை. யார் சொல்வது உண்மை என்று அடையாளம் காணத் தெரிந்திருந்தது. நம் ஊரில் ஒரு டாங் டெஸ்டரை (வயரைக் கவ்விக் கரண்ட் அளக்கும் கருவி) எடுத்துக்கொண்டு, சாயங்காலம் லைனில் 415 இருக்க வேண்டிய வோல்டேஜ் 350-க்கு இறங்கும் நேரம் பார்த்து, கிணற்றுமேட்டில் நின்று எத்தனை ஆம்பியர் இழுக்கிறது என்று பார்த்து எழுதினால் அதுவும் இதே வேலைதான். கம்பெனியின் டெஸ்டிங் பெஞ்சில் எடுத்த எண்ணும் தோட்டத்தில் எடுத்த எண்ணும் ஒன்றாக இருக்காது. வாங்குகிறவருக்கு வேண்டியது இரண்டாவது எண்.

அப்புறம் ஆசிரியர் நாற்காலி. நிருபராகப் பத்து வருடம் ஓடியவர் அதில் உட்கார்ந்ததும் வேலை தலைகீழாக மாறிவிடும். எதைப் போடலாம், எதை நிறுத்தலாம், அட்டையில் எது. விளம்பரக்காரர் ஒரு கதவு வழியாக வருவார், கட்டுரை இன்னொரு கதவு வழியாக வரும், இரண்டும் சந்திக்காமல் பார்த்துக்கொள்வது ஆசிரியர் பொறுப்பு.

(காட்சி: விளக்குகளும் சுவிட்சுகளும் வரிசையாக உள்ள ஒரு பெட்டியின் கோட்டுப்படம்.)

1975 ஜனவரியில் பாப்புலர் எலக்ட்ரானிக்ஸ் என்ற அமெரிக்க இதழின் அட்டையில் ஆல்டேர் 8800 என்ற கம்ப்யூட்டர் வந்தது. வீட்டில் நாமே பாகங்களைச் சேர்த்துப் பூட்டிக்கொள்ளலாம், விலை 400 டாலருக்கும் குறைவு. பால் ஆலன் அந்த இதழைக் கடையில் பார்த்து வாங்கிக்கொண்டு தன் நண்பர் பில் கேட்ஸிடம் ஓடினார், மைக்ரோசாஃப்ட் அங்கேதான் துவங்கியது. ஆனால் அட்டையில் இருந்தது வெறும் கூடு! உண்மையான மாதிரி, நியூயார்க்குக்கு அனுப்பும்போது வழியில் தொலைந்துபோய்விட்டது. இதழ் அச்சுக்குப் போகும் நேரம். முன்பக்கம் விளக்கு வைத்த காலிப் பெட்டியைப் படம் எடுத்து அட்டையில் போட்டார்கள்.

அந்தத் துணிச்சல் இல்லையென்றால் ஒரு தொழிலே சில காலம் தள்ளிப்போயிருக்கும். இருந்தாலும் நான் அந்த நாற்காலியில் இருந்திருந்தால், இது படத்துக்காக வைத்த காலிப் பெட்டி என்று சின்ன எழுத்திலாவது ஒரு வரி சேர்த்திருப்பேன். வாசகர் நம்மை நம்பித்தான் பணம் அனுப்புகிறார்.

இன்னொன்று, பெயர் வைப்பது. அமெரிக்காவின் கம்ப்யூட்டர் தொழில் மையத்துக்கு இன்றுள்ள சிலிக்கான் வேலி என்ற பெயரை முதலில் அச்சில் பரப்பியவர் டான் ஹோஃப்லர் என்ற பத்திரிகையாளர். எலக்ட்ரானிக் நியூஸ் வார இதழில், 1971 ஜனவரி 11 அன்று தொடங்கிய தொடர்க் கட்டுரையின் தலைப்பு அது. அவராக உருவாக்கிய சொல் இல்லை. அங்குள்ள தொழில்காரர்கள் பேச்சில் இருந்தது, நண்பர் ஒருவர் மூலம் அவர் காதில் விழுந்தது. காது திறந்திருந்ததால் கிடைத்த தலைப்பு.

தமிழில் எழுதுகிறவருக்கு இந்தக் காது இன்னும் முக்கியம். கோவைக்கு இதில் ஒரு பழைய சொத்து இருக்கிறது. 1940களின் கடைசியில் ஜி.ஆர். தாமோதரன் இங்கிருந்து 'கலைக்கதிர்' என்ற அறிவியல் மாத இதழைத் தொடங்கினார். பின்னாளில் பூ.சா.கோ. (பி.எஸ்.ஜி.) தொழில்நுட்பக் கல்லூரியின் முதல் முதல்வராக இருந்தவர், சென்னைப் பல்கலைக்கழகத் துணைவேந்தரும் ஆனவர். பொறியியலைத் தமிழில் சொல்ல முடியுமா என்று பலரும் சந்தேகப்பட்ட காலத்தில், மாதாமாதம் சொல் தேடித் தேடி அச்சடித்துக் காட்டினார்கள். அந்த உழைப்பை நினைத்தால் எனக்கு மனம் நெகிழ்கிறது.

இன்றைக்கு எழுதும்போது நான் ஒரு வழக்கம் வைத்திருக்கிறேன். மின்சாரம், அழுத்தம், வெப்பம் போன்றவை எல்லோர் வாயிலும் உள்ள தமிழ்ச் சொற்கள், அவற்றைத் தாராளமாக எழுதலாம். பட்டறைக்காரர் காயில் என்று சொல்வதைக் காயில் என்றே எழுதுகிறேன். அவர் படித்துவிட்டு "இது என்னண்ணா?" என்று கேட்கிற மாதிரி இருந்தால் அந்தக் கட்டுரை அவருக்குப் போய்ச் சேரவில்லை.

எழுத வருகிறவர்களுக்குக் கொங்கு நாட்டில் விஷயப் பஞ்சமே கிடையாது. திருச்செங்கோட்டு ரிக் வண்டி இந்தியா முழுக்கப் போய் ஆழ்துளைக் கிணறு போடுகிறது. கரூரில் பஸ் பாடி, நாமக்கல்லில் லாரி பாடி, திருப்பூரில் நிட்டிங் மெஷின், குமாரபாளையத்தில் தறி. கோவை வெட் கிரைண்டருக்குப் புவிசார் குறியீடே இருக்கிறது. இவை ஒவ்வொன்றிலும் கைமாறாமல் நிற்கும் அறிவு இருக்கிறது. ஒரு வாரம் ஒரே பட்டறையில் போய் நில்லுங்கள். கேட்டதை எழுதுங்கள். எழுதியதை, படம்பிடிப்பதற்கு முன்னால், சொன்னவரிடமே படித்துக் காட்டுங்கள்.

(காட்சி: மீண்டும் பட்டறை. அண்ணா புதுக் கம்பி சுற்றிக்கொண்டிருக்கிறார்.)

இந்த வீடியோவின் எழுத்தை நேற்று இவரிடம் படித்துக் காட்டினேன். இரண்டு செட் கருகும் என்ற இடம் வந்ததும் கையை நிறுத்தினார்.

"ஸ்டார் கனெக்‌ஷனுக்குத்தானுங்க அது. டெல்டாவா இருந்தா ஒரு செட்டுதான் கருகும். அதைச் சொல்லாம விட்டீங்கன்னா, டெல்டா மோட்டாரைப் பிரிச்சுப் பார்க்கிறவன் குழம்பிப் போயிருவானுங்க."

ஸ்டார், டெல்டா என்பவை மூன்று செட் காயிலையும் இணைக்கும் இரண்டு முறைகள். மேசையில் இருக்கும் இந்த மோட்டார் ஸ்டார். அதனால்தான் இரண்டு செட்.