அதே முகம், அதே கண்ணாடி: 1923 மியூனிக்கில் ஹியூஸ்

வணக்கம் நண்பர்களே. 'ஃபுல்மெட்டல் ஆல்கெமிஸ்ட்' என்ற ஜப்பானிய அனிமே தொடரின் தொடர்ச்சியாக, செய்ஜி மிசுஷிமா இயக்கி 2005இல் வந்த திரைப்படம் 'ஷம்பலாவை வென்றவன்'. நேற்றிரவு மூன்றாம் முறையாகப் பார்த்தேன். அதில் வரும் ஒரு போலீஸ்காரர் இன்னும் என் மனத்தை விட்டுப் போகவில்லை.

ரசவாதமே அறிவியலாக இருக்கும் உலகிலிருந்து கதாநாயகன் எட்வர்ட் நம் உலகில் வந்து விழுந்திருக்கிறான். அங்கே கைகளைத் தட்டி ரசவாதம் செய்தவன் அவன்; இங்கே தட்டினால் ஒன்றும் நடப்பதில்லை. இடம் மியூனிக், ஆண்டு 1923. அந்த நவம்பரில் ஒரு டாலரின் விலை 4.2 லட்சம் கோடி மார்க்! ராக்கெட்டில் கோள்களுக்குப் போகலாம் என்று ஹெர்மன் ஓபர்ட் புத்தகம் எழுதி வெளியிட்டதும் அதே ஆண்டில்தான். எட்வர்டும் ஊர் திரும்ப ராக்கெட்டைத்தான் நம்புகிறான். துலே சங்கம் என்ற தீவிர இனவாத ரகசியக் குழு, ஹிட்லரின் கூட்டாளி ஹெஸ், நவம்பர் 8 இரவு பீர் மண்டபத்தில் வெடித்த ஹிட்லரின் கலகம், எல்லாம் கதைக்குள் வருகின்றன.

தொடரைப் பார்த்தவர்களுக்கு ஹியூஸைத் தெரியும். மகளின் புகைப்படத்தைக் கண்டவரிடமெல்லாம் நீட்டுவாரே, அவர்தான். அவர் இறந்தபோது தேம்பி அழுதேன். மியூனிக்கில் இன்னொரு மனிதராக அதே முகம், அதே கண்ணாடி, போலீஸ் சீருடை. தொடரில் அவர் மனைவியாக வந்த கிராசியாவும் இங்கே பூக்கடைக்காரியாக இருக்கிறாள். எனக்கு நெஞ்சு குளிர்ந்துபோனது. அப்புறம்தான் நோவா என்ற ரோமா (ஜிப்சி) இனப் பெண்ணை அவர் எப்படிப் பார்க்கிறார் என்று கவனித்தேன். அவளோடு சேராதே என்று எட்வர்டிடம் சொல்கிறார். நாஜிகள் பக்கம் சாய்ந்துவிட்ட மனிதர். நான் அழுத அதே முகத்திலிருந்து அந்தச் சொல் வந்ததும் படத்தை நிறுத்திவிட்டுச் சற்று நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

எட்வர்டின் உலகத்துக்கு ஓடிவிட நோவா துடிப்பதை முதல் முறை சுயநலம் என்று நினைத்தேன். இப்போது அப்படி நினைக்க முடியவில்லை. படத்தில் இயக்குநர் ஃபிரிட்ஸ் லாங்கும் ஒரு பாத்திரம். யூதக் குடும்பத்தில் பிறந்த தாயின் மகனான அவர் 1933இல் ஜெர்மனியை விட்டு வெளியேறினார். நோவாவின் மக்களோ பின்னர் லட்சக்கணக்கில் கொல்லப்பட்டார்கள். அவளுக்கு அது தெரியாது, நமக்குத் தெரியும்.

இறுதிச் சண்டை அவசரமாக ஓடுகிறது, அது குறைதான். பார்க்க விரும்புகிறவர்கள் 2003இல் தொடங்கிய தொடரின் 51 பகுதிகளையும் முதலில் பாருங்கள். 2009இல் அதே பெயரில் வந்த இன்னொரு தொடர் வேறு கதைப்போக்கு. 2003 தொடரின் 25ஆம் பகுதியை மட்டும் தாண்டிப் போய்விடாதீர்கள். ஹியூஸ் விடைபெறுவது அதில்தான்.