தற்காலிகக் குரலாக வந்தவர்: பாப் பீட்டர்சனின் திரைவாழ்வு

அவையோருக்கு வணக்கம்.

அனிமேஷன் படத்தில் எழுத்தாளரின் வேலை எங்கே முடிகிறது, நடிகரின் வேலை எங்கே தொடங்குகிறது என்று கேட்பவர்களுக்கு, அமெரிக்காவின் பிக்சார் நிறுவனத்தில் பணியாற்றிய பாப் பீட்டர்சனைத்தான் நான் எடுத்துக்காட்டுவேன். அவரிடம் இவை இரண்டு தொழில்களாக இருந்ததில்லை. வாய்விட்டுப் பேசிப் பார்ப்பதையும் எழுத்தின் ஒரு கட்டமாகவே அவர் வைத்திருந்தார் என்பது என் கருத்து.

1961-இல் ஒஹாயோ மாநிலத்தில் பிறந்தவர். பர்டியூ பல்கலைக்கழகத்தில் இயந்திரப் பொறியியலில் முதுநிலைப் பட்டம் பெற்றார். அங்கே படித்த காலத்திலேயே மாணவர் நாளிதழில் சித்திரத் தொடர் வரைந்துவந்தார். பட்டத்தைவிடச் சித்திரமே வலிமையாக இழுத்தது போலும்! கணினி வரைகலை நிறுவனங்களில் சில காலம் இருந்துவிட்டு, 1994-இல் பிக்சாரில் சேர்ந்து, 'டாய் ஸ்டோரி' படத்தில் வேலை செய்தார்.

இங்கே அந்த நிறுவனத்தின் வேலைமுறையைச் சற்று விளக்க வேண்டும். திரைக்கதையை எழுதிய கையோடு படமாக்கத் தொடங்கிவிடுவதில்லை. காட்சிகளைக் கோட்டோவியங்களாக வரைந்து, வரிசையாகக் கோத்து, தற்காலிக இசையும் வசனமும் சேர்த்து, முழுப் படம் போலவே ஓட்டிப் பார்ப்பார்கள். குறைகளைப் பேசி, பாதியைத் தூக்கியெறிந்து, மறுபடி எழுதி, மறுபடி வரைவார்கள். ஒரே படத்துக்கு இது ஆண்டுக்கணக்கில் நடக்கும். ஒவ்வொரு முறையும் பெரிய நடிகர்களை அழைத்துக் குரல் பதிவு செய்ய முடியாதென்பதால், கதைப் பிரிவில் இருப்பவர்களே பேசிவிடுகிறார்கள். நம் திரையிசையில் டிராக் பாடுகிறவரின் நிலைதான் இதுவும்: பெயர்பெற்றவர் வரும்வரை இடத்தை நிரப்பும் குரல், சில வேளை அதுவே நிலைத்துவிடும். 'தி இன்க்ரெடிபிள்ஸ்' படத்தை எழுதி இயக்கிய பிராட் பேர்டே எட்னா என்ற ஆடை வடிவமைப்பாளராகவும் பேசியது இப்படித்தான் நேர்ந்தது.

பீட்டர்சனின் முதல் குறிப்பிடத்தக்க குரல்பணியில் வசனமே கிடையாது. பூங்காவில் தன்னோடு தானே சதுரங்கம் ஆடும் முதியவரைப் பற்றிய 'ஜெரீஸ் கேம்' (1997) குறும்படத்தில், மூச்சும் முனகலும் சிரிப்புமாகவே அவர் நடித்தார். சிறந்த அனிமேஷன் குறும்படத்துக்கான ஆஸ்கர் அதற்குக் கிடைத்தது. 2001-இல் வந்த 'மான்ஸ்டர்ஸ் இன்க்' படத்தில் கதை மேற்பார்வையாளராக இருந்தபடியே, கோப்புகளுக்காகக் கடிந்துகொள்ளும் அலுவலகப் பெண்மணி ராஸுக்குக் கரகரத்த, அவசரமில்லாத குரலைத் தந்தார். அந்தப் பாத்திரத்தின் அச்சுறுத்தல் முழுவதும் அதன் நிதானத்தில்தான் இருக்கிறது. அடுத்து 'ஃபைண்டிங் நீமோ' (2003): ஆண்ட்ரூ ஸ்டான்டன், டேவிட் ரெனால்ட்ஸ் ஆகியோரோடு சேர்ந்து எழுதியதற்காக ஆஸ்கர் பரிந்துரை பெற்றார், அதிலேயே, கடலின் அடுக்குகளின் பெயர்களைப் பிள்ளைகளுக்குப் பாடிக் கற்பிக்கும் திருக்கை ஆசிரியர் ரே அவர்களாகவும் பேசினார்.

இவை எல்லாம் ஒருங்கே கூடிவந்த படம் 'அப்' (2009). பீட் டாக்டர் இயக்க, பீட்டர்சன் இணை இயக்குநரானார். இருவரும் சேர்ந்து திரைக்கதை எழுதினர். கான் திரைப்பட விழாவின் தொடக்கப் படமாகத் திரையிடப்பட்ட முதல் அனிமேஷன் படமும் இதுவே. அதில் டக் என்ற நாய் பேசும் விதத்தைக் கவனியுங்கள். எண்ணத்தைச் சொல்லாக்கும் கழுத்துப்பட்டை ஒன்றை அதற்கு மாட்டியிருக்கிறார்கள். குரல் பட்டையிலிருந்து வருவதால் நாயின் வாய் அசைய வேண்டியதில்லை, வாலும் காதும் உண்மையான நாயினுடையவையாகவே இருக்கலாம். எழுத்தாளர் கண்ட இந்த ஒரு தந்திரம் வரைபவருக்கும் பேசுபவருக்கும் ஒருசேர விடுதலை தந்தது. டக்கின் வாக்கியங்கள் குழந்தைக்குரிய நேர்மையோடு முழுமையாகவே தொடங்கும். அணில் என்ற நினைப்பு வந்தால் மட்டும் அந்த இடத்திலேயே அறுந்துவிடும். 'இப்போதுதான் உங்களைச் சந்தித்தேன், உங்களை நேசிக்கிறேன்' என்ற பொருளில் அது படத்தின் நாயகரான முதியவர் கார்லிடம் சொல்வது, இளமையில் கோடை முகாம் ஒன்றில் தாம் வழிகாட்டியாக இருந்தபோது ஒரு சிறுவன் ஓடிவந்து தம்மிடம் சொன்னதிலிருந்து பிறந்தது என்று பீட்டர்சன் கூறியிருக்கிறார். வில்லத்தனமான ஆல்ஃபா நாயும் அவர் குரலே. பட்டை பழுதாகிக் கீச்சுக்குரல் வரும்போது அதன் அதிகாரம் மொத்தமும் கவிழ்ந்துபோகிறது. இவ்வளவு பேசியவர்தான், கார்லும் மனைவி எல்லியும் இணைந்து வாழ்ந்த காலத்தைப் பேச்சே இல்லாமல் காட்டும் பகுதியையும் பீட் டாக்டரோடு சேர்ந்து எழுதினார். எங்கே பேசக்கூடாது என்பது குரலோடு பழகியவருக்குத்தான் நன்றாகத் தெரிகிறது.

சறுக்கலும் உண்டு. அவர் கருக்கொண்டு இயக்கிவந்த 'த குட் டைனோசர்' படத்திலிருந்து 2013-இல் நீக்கப்பட்டார். 2014-இல் வரவேண்டிய படம் பீட்டர் சோன் இயக்கத்தில் 2015-இல் வெளியானது. கதைக்கான பெயர்ப்பட்டியலில் அவர் இருந்தார் என்பது ஓரளவு ஆறுதல். அவர் அத்தோடு வெளியேறிவிடவில்லை. 'கார்ஸ் 3' (2017) திரைக்கதையை எழுதியவர்களுள் ஒருவராகவும், அதில் சிக் ஹிக்ஸ் என்ற பாத்திரத்தின் குரலாகவும் திரும்பி வந்தார்.

2021-இல் டக்கை நாயகனாக வைத்து ஐந்து குறும்படங்களைத் தாமே எழுதி, இயக்கி, தாமே பேசினார். 'டக் டேஸ்' என்ற அத்தொடர் செப்டம்பர் 1 அன்று வந்தபோது, கார்லுக்குக் குரல் தந்த எட் ஆஸ்னர் இறந்து மூன்று நாள்களே ஆகியிருந்தன. ஆஸ்னரின் பதிவு செய்யப்பட்ட குரலோடு, பீட்டர்சனே எழுதி இயக்கிய 'கார்ல்ஸ் டேட்' குறும்படம் 2023-இல் திரைக்கு வந்தது. அதிலும் கார்லுக்கு அறிவுரை சொல்லும் டக்காகப் பேசுபவர் பீட்டர்சன்தான்.