சமையற்கட்டிலிருந்து வந்த மிஸ் மார்ப்பிள்

வானொலி நேயர்களுக்கு வணக்கம்.

வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து பழைய படம் ஏதாவது பார்த்துக்கொண்டிருப்போம். வீட்டுக்காரியாகவோ நர்ஸாகவோ ஓர் அம்மா வந்து நாலு வார்த்தை பேசிவிட்டுப் போவார். உடனே ஒருவர், "இவங்களை வேற எதிலேயோ பார்த்திருக்கோமே" என்பார். எதில் என்று யாருக்கும் நினைவு வராது. பெயர் வருமா? அதுவும் வராது.

இந்தப் பெயர் வராத ஆட்கள்மேல் எனக்கு நெடுநாளாக ஒரு பிடிப்பு. படம் முடிந்து எழுத்து ஓடும்போது நான் எழுந்திருக்க மாட்டேன். கதாநாயகன் பெயர் முதலிலேயே கொட்டை எழுத்தில் வந்துவிடுகிறது. எனக்கு வேண்டியது கடைசியில் பொடி எழுத்தில் ஓடுகிற வரிகள். இப்போதெல்லாம் தொலைக்காட்சிக்காரர்கள் அதைச் சுருக்கி ஓரத்தில் தள்ளிவிட்டு, அடுத்த நிகழ்ச்சிக்கு விளம்பரம் போட்டுவிடுகிறார்கள். சரி, அந்த வருத்தத்தை எடுத்தால் இன்றைய நேரம் அதற்கே சரியாகிவிடும்.

அந்தப் பொடி எழுத்திலேயே ஏறக்குறைய ஐம்பது ஆண்டுகள் இருந்த ஒரு நடிகை இங்கிலாந்தில் இருந்தார். ஜோன் ஹிக்சன். அகதா கிறிஸ்டியின் துப்பறியும் பாட்டி மிஸ் மார்ப்பிளாக பிபிசி தொடரில் வந்தாரே, அவர்தான். அந்தத் தொடர் தொடங்கும்போது அவருக்கு வயது 78. நான் பேச வந்தது பெரும்பாலும் அதற்கு முந்தைய காலத்தைப் பற்றி.

1906-இல் நார்த்தாம்ப்டன் நகரை ஒட்டிய கிங்ஸ்தார்ப்பில் பிறந்தவர். நார்த்தாம்ப்டன் செருப்புக்கும் பூட்ஸுக்கும் பேர்போன ஊர். அவர் அப்பாவுக்கும் அந்தத் தொழில்தான். ஜோன் லண்டன் ராயல் அகாடமியில் நாடகம் படித்தார். 1927-இல் மேடை ஏறினார். 1934-இல் சினிமா. அப்புறம் வந்த வேடங்களைக் கேளுங்கள்: வேலைக்காரி, வாடகைக்கு அறை விடுகிற வீட்டம்மா, மேட்ரன், மருத்துவமனைத் தலைமை நர்ஸ், பாதிரியார் வீட்டுப் பணிப்பெண். 'கேரி ஆன்' என்று ஒரு நகைச்சுவைப் பட வரிசை உண்டு. அதில் ஐந்து படங்களில் வருகிறார். 1960-இல் வந்த 'கேரி ஆன் கான்ஸ்டபிள்' படத்தில், குடித்துவிட்டு அடிக்கடி போலீஸ் ஸ்டேஷனுக்கு வந்து சேரும் ஓர் அம்மாவாக வருவார். பின்னாளில் போலீஸ்காரர்களுக்கே வழி காட்டப்போகிறவர் அன்றைக்கு அவர்களுடைய லாக்கப்பில் வாடிக்கையாளர்!

இனி நான் எத்தனை முறை சொன்னாலும் அலுக்காத கதைக்கு வருகிறேன். 1945-இல் கிறிஸ்டியின் 'அப்பாயின்ட்மென்ட் வித் டெத்' நாவல் லண்டனில் நாடகமாக மேடையேறியது. நாடகமாக்கியவரும் கிறிஸ்டியே. அதில் ஜோனுக்கு ஒரு சின்ன வேடம். பார்த்த கிறிஸ்டி அவருக்கு ஒரு குறிப்பு எழுதி அனுப்பினார்: என்றாவது ஒரு நாள் என் அருமை மிஸ் மார்ப்பிளாக நீங்கள் நடிப்பீர்கள் என்று நம்புகிறேன்.

ஜோனின் வயதைக் கவனியுங்கள். அப்போது அவர் நாற்பதைக்கூடத் தொடவில்லை. மிஸ் மார்ப்பிளோ கல்யாணம் செய்துகொள்ளாத வெள்ளைத்தலைக் கிழவி. நாற்பது வயதுகூட ஆகாத நடிகையிடம் போய், நீ கிழவியாக நடிக்கப் பொருத்தமானவள் என்று சொன்னால் அவருக்கு எப்படி இருந்திருக்கும்? நாயகி வேடத்துக்குக் காத்திருக்கிறவராக இருந்தால் கடிதத்தைக் கிழித்தே போட்டிருப்பார். குணச்சித்திர நடிகைக்கு அது நல்ல சேதி. வயது ஏற ஏற வேலை கூடுகிற தொழில் அவர்களுடையது.

ஆனால் அழைப்பு வரவில்லை. 1961-இல் மிஸ் மார்ப்பிளை வைத்து சினிமா எடுத்தபோது அந்த வேடம் மார்கரெட் ரூதர்ஃபோர்டுக்குப் போனது. அவரும் லேசுப்பட்டவர் அல்ல. ஆள் வந்து நின்றாலே சிரிப்பு வரும். படம் கிறிஸ்டிக்கு ரசிக்கவில்லை. ஆனால் ரூதர்ஃபோர்டை அவருக்குப் பிடித்திருந்தது. அடுத்த ஆண்டு வந்த தன் நாவலை ரூதர்ஃபோர்டுக்கே காணிக்கையாக்கினார்.

இந்த 1961 படம் 'மர்டர், ஷி செட்'. கொலை நடந்த தடயத்தைத் தேடி மிஸ் மார்ப்பிள் ஒரு பெரிய மாளிகைக்குள் வேலைக்காரி வேடத்தில் நுழைகிறார். அங்கே ஏற்கெனவே வேலைக்கு வந்துபோகும் ஓர் அம்மா இருக்கிறார், மிஸஸ் கிட்டர். அந்த மிஸஸ் கிட்டர் யார்? ஜோன் ஹிக்சன்! 'நீங்கள்தான் என் மார்ப்பிளாக வேண்டும்' என்று எழுத்தாளரே எழுதி அனுப்பிய அந்த நடிகை, இன்னொருத்தர் மார்ப்பிளாக நடிக்கும் படத்தில் சமையற்கட்டில் நின்று முணுமுணுத்துக்கொண்டிருக்கிறார். அதே கதையை பிபிசி 1987-இல் எடுத்தபோது மிஸ் மார்ப்பிள் அவர்தான். ஒரே கதை, நடுவில் 26 ஆண்டு. இரண்டையும் ஒரே வாரத்தில் போட்டுப் பாருங்கள். நான் பார்த்தவர்களிடமெல்லாம் இதைச் சொல்லிச் சொல்லி, இப்போது நான் வாயைத் திறந்தாலே வீட்டில் உள்ளவர்கள் "மிஸஸ் கிட்டர்தானே?" என்கிறார்கள்.

பொறுமைக்குக் கிடைத்த பரிசு என்று இதைச் சொல்கிறவர்கள் உண்டு. எனக்கு அது ஒப்பவில்லை. அவர் எங்கே காத்துக்கொண்டிருந்தார்? வேலை செய்துகொண்டிருந்தார். அந்த வேலைதான் அவரை மார்ப்பிளாக்கியது என்பது என் கட்சி. யோசித்துப் பாருங்கள், மிஸ் மார்ப்பிளின் சாமர்த்தியம் எதில் இருக்கிறது? துப்பாக்கி கிடையாது, பூதக்கண்ணாடி கிடையாது. கூடத்தின் ஓரமாக உட்கார்ந்து ஊசியில் கம்பளி பின்னிக்கொண்டிருப்பார். கிழவிதானே என்று எல்லோரும் அவர் எதிரிலேயே எல்லாவற்றையும் பேசுவார்கள். அறையில் இருக்கவும் வேண்டும், ஆள் கணக்கில் வரவும் கூடாது. டீத் தட்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டு ஓரமாக நிற்கிற வேலைக்காரியின் நிலையும் இதுதானே? அப்படி ஓரமாக நிற்பதை ஜோன் ஐம்பது ஆண்டுகள் பழகியிருந்தார்.

தொடரைப் பார்க்கும்போது இன்னொன்றையும் கவனியுங்கள். அவர் முகத்தில் பெரிதாக ஒன்றும் செய்வதில்லை. எதிராளி பொய் சொல்லும்போது புருவத்தை உயர்த்துவது, உதட்டைக் கடிப்பது, இதெல்லாம் கிடையாது. அந்த நீலக் கண்கள் ஒரு கணம் கூடுதலாக அங்கேயே தங்கும், அவ்வளவுதான். பிறகு பின்னலுக்குத் திரும்பிவிடும். ஒன்றும் செய்யாமலிருப்பது கேமரா முன்னால் எத்தனை கஷ்டம் என்பது, கல்யாண வீடியோக்காரர் தன் பக்கம் திரும்பும்போது சும்மா உட்கார முயன்ற யாருக்கும் தெரியும்.

இன்ஸ்பெக்டர் ஸ்லாக் என்று ஒரு பாத்திரம், டேவிட் ஹொரோவிச் நடித்தது. மார்ப்பிளைக் கண்டாலே அவருக்கு எரிச்சல். இந்தக் கிழவிக்கு இங்கே என்ன வேலை என்று பொருமுவார். ஜோன் பதிலுக்கு மரியாதையாகத்தான் பேசுவார், பாதி வாக்கியத்தில் நிறுத்தி, மன்னிப்புக் கேட்கிற தோரணையில். அந்த மரியாதையில் ஒரு பொடி விஷமம் இருக்கும். சிரித்துவிடுவார் போலிருக்கும், சிரிக்க மாட்டார்.

முதல் கதை 1984 டிசம்பர் 26 அன்று ஒளிபரப்பானது. கடைசிக் கதை 1992 டிசம்பரில். மார்ப்பிள் நாவல்கள் மொத்தம் பன்னிரண்டு. பன்னிரண்டையும் நடித்து முடித்தபோது அவருக்கு வயது 86. 1987-இல் ஓபிஈ என்ற பிரிட்டிஷ் அரச விருது கொடுத்தபோது எலிசபெத் ராணியே, பாத்திரத்தை நாங்கள் மனதில் நினைத்தபடியே நடிக்கிறீர்கள் என்று சொன்னாராம். கிறிஸ்டிதான் பார்க்கவில்லை. 1976-இலேயே காலமாகிவிட்டார்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தயாரிப்பாளர் கையைத் தூக்கிக் காட்டுகிறார். மிஸஸ் கிட்டர் நிறைய நேரத்தைத் தின்றுவிட்டார். மேடையைப் பற்றித் தனியாகப் பேச வைத்திருந்தேன், அதை ஓட்டமாகச் சொல்லிவிடுகிறேன். ஆலன் ஐக்போர்னின் 'பெட்ரூம் ஃபார்ஸ்' நாடகம். மேடையில் மூன்று வீட்டுப் படுக்கையறைகள். வயதான தம்பதியில் மனைவி ஜோன். அதற்காக 1979-இல் நியூயார்க்கில், அமெரிக்க நாடகத்துறையின் டோனி விருது வாங்கினார், 72 வயதில். கணவராக நடித்த மைக்கேல் காஃபுக்கும் விருது கிடைத்தது. ஆக, மார்ப்பிள் வராமல் போயிருந்தாலும் தொழிலில் உள்ளவர்களுக்கு அவர் யாரென்று தெரிந்துதான் இருந்தது.

1981-இல் பிபிசியின் 'கிரேட் எக்ஸ்பெக்டேஷன்ஸ்' தொடரில் மிஸ் ஹாவிஷாமாக நடித்தார். நின்றுபோன கல்யாணத்தின் உடையைக் கழற்றாமலே கிழவியாகிப்போன அந்தப் பெண். அதைப் பற்றிச் சொல்ல நிறைய உண்டு, இப்போது முடியாது.

எசெக்ஸில் விவன்ஹோ என்ற சிறிய ஊரில் நாற்பது ஆண்டுகள் வாழ்ந்தார். 1998 அக்டோபரில் காலமானார், 92 வயது. மார்ப்பிள் கதைகளை அவரே வாசித்த ஒலிப்பதிவுகள் கிடைக்கின்றன. வானொலி கேட்கிறவர்களான உங்களுக்கு அதைத்தான் முதலில் சிபாரிசு செய்வேன். தொடரைப் பார்க்க விரும்புகிறவர்கள் 'தி பாடி இன் தி லைப்ரரி'யிலிருந்து தொடங்கலாம். கொலையாளி யார் என்று நான் சொல்லப்போவதில்லை, நேரமும் இல்லை. வணக்கம்.