ஊர்தான் முதல்

நடுவர் அவர்களே, சேலத்துச் சொந்தங்களே, வணக்கம்.

"மண்ணின் கதையை எடுக்கும் சுயாதீன இயக்குநருக்குப் பெரிய பலம் பணமா, ஊரா?" என்பது தலைப்பு. நான் ஊரின் பக்கம்.

எதிரணி அண்ணன் ஏற்காடு சாலையில் நிற்கும் மாடர்ன் தியேட்டர்ஸ் படப்பிடிப்பு நிறுவனத்தின் வளைவைச் சொல்லி, அதை நிறுவிய டி.ஆர்.சுந்தரம் பணம் போட்டதால்தான் சாதித்தார் என்றார். அந்த வளைவைக் கடக்கும்போதெல்லாம் எனக்கும் நெஞ்சு நிமிரும். 1938-ல் மலையாளத்தின் முதல் பேசும்படம், 1956-ல் தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்', இரண்டையும் எடுத்தது அந்த நிறுவனம்தான். சரி, அந்த வண்ணப்படத்தில் நாம் பார்த்த ஊர் எது? பாக்தாத்! பணம் இருந்தால் பாக்தாத்தைச் சேலத்துக்குக் கொண்டுவரலாம். சேலத்தை வெளியூருக்குக் காட்ட ஊர்ப்பிள்ளைதான் வேண்டும்.

மதுரைக்குப் பக்கத்தில் மேலூர்ப் பக்கம் பாருங்கள். பி.எஸ்.வினோத்ராஜ் எடுத்த 'கூழாங்கல்' 2021-ல் நெதர்லாந்தின் ரோட்டர்டாம் திரைப்பட விழாவில் டைகர் விருது வாங்கியது. தன் சகோதரி கைக்குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்து வந்ததுதான் அந்தக் கதைக்கு வித்து என்று அவரே சொல்லியிருக்கிறார். வெயிலில் நடக்கிற சிறுவன் தாகத்துக்கு ஒரு கல்லை வாயில் ஒதுக்கிக்கொள்கிறான். வீட்டுக்கு வந்ததும் அதை எடுத்து, ஏற்கெனவே சேர்ந்திருக்கும் கற்களோடு வைக்கிறான். இதற்கு முன்னும் எத்தனை நடை நடந்திருக்கிறான் என்று நமக்கு அப்போதுதான் உறைக்கிறது. எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. அந்தக் கல்லை எந்தப் பணம் யோசித்துக் கொடுக்கும்? நயன்தாராவும் விக்னேஷ் சிவனும் படத்தைப் பார்த்த பிறகுதான் தயாரிப்பாளர்களாகக் கைகொடுத்தார்கள். ஊர் முன்னால் போனது, பணம் அப்புறம் வந்தது.

நம் ஊரில் கல் இல்லையா? செவ்வாய்ப்பேட்டைப் பக்கம் ஒரு கொலுசுப் பட்டறைக்குள் போங்கள். வளையத்தோடு வளையம் கோத்து, பொடி வைத்து ஊதிப் பற்றவைப்பார்கள். வேலை முடிந்ததும் தரையைக் கூட்டுவார்கள், ஆனால் அந்தத் தூசியைக் குப்பையில் கொட்டமாட்டார்கள். அதில் வெள்ளி இருக்கிறது, காகிதத்தில் மடித்து வைப்பார்கள். வெளியிலிருந்து வரும் கேமரா பளபளக்கும் கொலுசைத்தான் எடுக்கும். கூட்டுகிற கையையும், அந்தக் கைக்காரியின் காலில் கொலுசு இருக்கிறதா என்பதையும் பார்க்கத் தோன்றுவது அந்தப் பட்டறையில் வளர்ந்த பிள்ளைக்குத்தான்.

அந்தப் பிள்ளை இன்று இந்தக் கூட்டத்திலும் உட்கார்ந்திருக்கலாம். நடுவர் அவர்களே, 'பணம் சேரட்டும், அப்புறம் எடு' என்று அதனிடம் சொல்லிவிடாதீர்கள்.