'சொன்னா செய்வேன்' போதாது

(தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில், சாட்ஸ்வொர்த் பகுதிக் கோயில் மண்டபம் ஒன்றில், அந்நாட்டுப் பெண்கள் தினமான ஆகஸ்ட் 9 அன்று பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லோருக்கும் வணக்கம். இளையவர்கள் சிலருக்குத் தமிழை வேகமாகப் பேசினால் புரியாது என்று தெரியும். நிதானமாகவே பேசுகிறேன். புரியாத இடத்தில் பக்கத்தில் இருக்கிற ஆயாவைக் கேளுங்கள்.

இன்று ஆடி ஞாயிறு. காலை 5 மணிக்கு நான் வந்தபோது பின்பக்கம் விறகடுப்பு எரிந்துகொண்டிருந்தது. நான்கு ஆண்கள் இரண்டு அண்டாவில் கூழ் காய்ச்சிக்கொண்டிருந்தார்கள். ஒருவர் மாவைக் கட்டியில்லாமல் கரைத்து மெல்ல ஊற்றுகிறார். இன்னொருவர் துடுப்பை அடிவரை விட்டுச் சுழற்றுகிறார். கூழ் அடிபிடிக்கப் போகிறது என்று தெரிந்ததும் மூன்றாமவர் குனிந்து இரண்டு கட்டையை வெளியே இழுத்துப் போட்டார். அவருக்கு யாரும் சொல்லவில்லை. அவர் கண் அந்த அடுப்பின் மேலேயே இருந்தது.

ஊருக்கே கூழ் காய்ச்சத் தெரிந்தவர்கள் இவர்கள். கல்யாண வீட்டில் பிரியாணிக்குத் தம் போடுவதும் இவர்கள்தான். ஆனால் ஒரு செவ்வாய்க்கிழமை சாயங்காலம், மனைவி இன்னும் வேலையிலிருந்து வரவில்லை, வீட்டில் நாலு பேருக்குச் சோறு ஆக வேண்டும். அப்போது இவர்களில் எத்தனை பேர் எழுந்து அரிசி களைகிறார்கள்? சமைக்கத் தெரியாது என்று யாரும் சொல்ல முடியாது. கோயில் அடுப்பு தன் பொறுப்பு, வீட்டு அடுப்பு அவள் பொறுப்பு என்று மனசு பிரித்து வைத்திருக்கிறது. இன்றைக்கு நான் பேச வந்தது இந்தப் பிரிவினையைப் பற்றித்தான்.

"ஆண் சம்பாதிப்பான், பெண் வீட்டைப் பார்ப்பாள், அதுதான் நம் பண்பாடு" என்று இங்கே மேடையில் பலமுறை கேட்டிருக்கிறேன். இந்த மண்ணில் நம் கதை அப்படித் தொடங்கவே இல்லை. 1860 நவம்பர் 16-ஆம் தேதி ட்ரூரோ கப்பல் சென்னையிலிருந்து 342 பேரோடு டர்பனுக்கு வந்தது. அதில் பெண்களும் இருந்தார்கள். 1911 வரை 1,52,000-க்கும் மேற்பட்டவர்கள் ஒப்பந்தக் கூலிகளாக வந்தார்கள். ஆணுக்கு முதல் வருஷம் மாதம் 10 ஷில்லிங், பிறகு வருஷத்துக்கு ஒரு ஷில்லிங் ஏற்றம். பெண்ணுக்கு அதில் பாதி. படி அரிசியும் பாதி. பிள்ளை பெற்ற கொஞ்ச நாளிலேயே கரும்புக் காட்டுக்குத் திரும்பிப் போனவர்கள் நம் கொள்ளுப்பாட்டிகள். வரப்பு ஓரம் நிழலில் குழந்தையைக் கிடத்திவிட்டுக் களை எடுத்தார்கள். பொழுது சாய்ந்து லைனுக்கு, அதாவது கூலிக் குடியிருப்புக்கு, திரும்பினால் சோறு பொங்குவதும் அவர்கள்தான். அந்த வேலைக்குப் பாதிக் கூலிகூடக் கிடையாது, கணக்கிலேயே வராது.

அப்புறம் 3 பவுன் வரி வந்தது. ஒப்பந்தம் முடிந்தும் ஊர் திரும்பாமல் இங்கேயே தங்கியவர்கள் தலைக்கு 3 பவுன் வருஷா வருஷம் கட்ட வேண்டும் என்று 1895-இல் சட்டம் போட்டார்கள். 13 வயதுப் பெண்பிள்ளைகள் வரை அது பின்னால் நீண்டது. கவனியுங்கள், கூலி பாதி, வரி மட்டும் முழுசு. 1913-இல் பக்கத்து மாகாணமான டிரான்ஸ்வாலிலிருந்து நம் நேட்டாலின் நியூகாசில் நிலக்கரிச் சுரங்கங்களுக்குப் போய்த் தொழிலாளர்களை வேலைநிறுத்தத்துக்கு அழைத்தவர்கள் பெண்கள். பெரும்பாலும் தமிழ்ப் பெண்கள், கைக்குழந்தையோடு போனவர்களும் உண்டு. அந்தப் போராட்டத்தில் சிறைக்குப் போய் வந்த தில்லையாடி வள்ளியம்மை 1914 பிப்ரவரியில் இறந்தபோது வயது 16. அந்த வருஷமே வரி ஒழிந்தது. ஆகவே, பெண் வெளியே வேலைக்குப் போவதை இப்போது வந்த நாகரிகம் என்று தயவுசெய்து யாரும் சொல்லாதீர்கள். நம் குடும்பங்கள் இந்த நாட்டில் ஒருவர் சம்பாத்தியத்தில் நிமிர்ந்ததே இல்லை.

என் அம்மா துணி ஆலையில் மெஷின் ஓட்டினார். சட்டைக் காலர் தைக்கிற வேலை. இனவாரிக் குடியிருப்புச் சட்டத்தால் எங்களைப் பழைய வீட்டிலிருந்து கிளப்பி இந்தச் சாட்ஸ்வொர்த்தில் கொண்டுவந்து போட்ட பிறகு, ஆலைக்கு பஸ் பயணம் நீண்டுபோனது. இருட்டில் போவார், இருட்டில் வருவார். அவர் வீட்டுக்குள் நுழைகிற காட்சி இன்னும் என் கண்ணில் இருக்கிறது. கைப்பை தோளிலேயே தொங்கும், செருப்பைக்கூடக் கழற்றவில்லை, ஒரு கை பருப்புப் பானையை அடுப்பில் ஏற்றும், இன்னொரு கை வெங்காயக் கூடையை இழுக்கும். ஸ்கர்ட்டில் நூல் துணுக்குகள் ஒட்டிக்கொண்டிருக்கும், நீலம், வெள்ளை. நான் ஒவ்வொன்றாகப் பிய்த்து எடுப்பேன். அப்பா முன் அறையில் உட்கார்ந்து தேநீருக்குக் காத்திருப்பார். அப்பா கெட்டவரில்லை. ஷூ ஆலையில் நாள் முழுக்க நின்று வந்தவர். அம்மாவும் நாள் முழுக்க உழைத்துவிட்டுத்தான் வந்தார் என்பது அவருக்குத் தோன்றவே இல்லை, யாரும் அவருக்குக் கற்றுக்கொடுக்கவும் இல்லை. வெள்ளிக்கிழமை அம்மாவின் சம்பளக் கவர் பிரிக்காமலே எங்கள் பாட்டி கைக்குப் போகும். சம்பாதித்தது அம்மா, எண்ணிப் பார்த்தது வேறு கை.

1983-இல் எனக்குக் கல்யாணம். நான் அப்போது ஆசிரியை. என் சம்பளத்தில் தவணைக்கு ஒரு பிரிட்ஜ் வாங்கப் போனேன். கடைக்காரர் கணவர் கையெழுத்து வேண்டும் என்றார். அவர் சட்டப்படிதான் கேட்டார். அன்றைக்கு எங்களைப் போலக் கூட்டுச் சொத்து முறையில் மணந்த மனைவி, கணவன் சம்மதம் இல்லாமல் கடன் ஒப்பந்தம் போட முடியாது. 1984 நவம்பரிலிருந்து புதிதாக மணப்பவர்களுக்கு, மனைவி மேல் கணவனுக்கு மட்டும் இருந்த அந்த அதிகாரம் போனது, எங்களைப் போல முன்பே மணந்தவர்களுக்கு 1993 வரை இருந்தது. வகுப்பில் 40 பிள்ளைகளை நம்பி என்னிடம் ஒப்படைக்கலாம், ஒரு பிரிட்ஜை ஒப்படைக்க முடியாது. அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

சரி, சட்டம் மாறிவிட்டது. வீடு மாறியதா?

இந்த நாட்டின் புள்ளிவிவரத் துறை 2000-இலும் 2010-இலும் ஒரு கணக்கெடுப்பு நடத்தியது. நேற்று என்ன செய்தீர்கள் என்று 24 மணி நேரத்தையும் அரை மணி அரை மணியாகப் பிரித்துக் கேட்டார்கள். இரண்டு முறையும் வீட்டுவேலையில் பெண்கள் ஆண்களைவிட ஏறத்தாழ இரண்டு மடங்கு நேரம் செலவழிப்பது தெரிந்தது. எனக்குத் தெரிந்த ஒரு இளம் தம்பதியை இதைச் செய்து பார்க்கச் சொன்னேன். இரண்டு தாள், ஒவ்வொன்றிலும் 48 கட்டம். இருவரும் வேலைக்குப் போகிறவர்கள், வெருலத்தில் வீடு. தம்பி நல்ல பையன், பாத்திரம் கழுவுவான், பிள்ளையைக் குளிப்பாட்டுவான். தாளைப் பார்த்தால் இருவருக்கும் பெரிய வித்தியாசம் இல்லை. அவனுக்கு ஒரே சந்தோஷம். அந்தப் பெண் மட்டும் பேசாமல் இருந்தாள். கேட்டேன். "ஆன்ட்டி, பஸ்ஸில் வரும்போது நாளைக்குத் தண்ணீர் நிற்குமா என்று வாட்ஸ்அப் குழுவில் பார்த்தேன், பிள்ளைக்கு ஷூ சிறுத்துவிட்டது என்று நினைத்தேன், அத்தைக்கு மாத்திரை தீரப் போகிறது, தடுப்பூசித் தேதி வருகிறது. இதை எந்தக் கட்டத்தில் எழுத?" என்றாள்.

எனக்குப் பதில் தெரியவில்லை. அந்த வேலைக்குக் கட்டமே இல்லை.

வடக்கே வெருலம், டொங்காட் பக்கம் இருப்பவர்களுக்குத் தெரியும். 2022 ஏப்ரல் வெள்ளத்தில் டொங்காட்டின் தண்ணீர் நிலையம் உடைந்து, மாதக்கணக்கில் குழாயில் சொட்டு வரவில்லை. லாரி வந்தால் வாளி தூக்க ஆண்கள் ஓடி வந்தார்கள், அதை மறுக்கவில்லை. ஆனால் எந்த வாளித் தண்ணீர் குடிக்க, எது கக்கூசுக்கு, இருப்பது எத்தனை நாள் தாங்கும், பிள்ளையின் யூனிஃபார்மை எப்போது துவைப்பது என்ற கணக்கு பல வீட்டில் பெண் தலைக்குள்தான் ஓடியது. தூக்குகிற கை கண்ணுக்குத் தெரிகிறது. கணக்குப் போடுகிற தலை தெரிவதில்லை.

"நீ சொல்லு, நான் செய்கிறேன்." நல்ல மனசோடு சொல்கிற வார்த்தைதான் இது. ஆனால் சொல்வதே ஒரு வேலை. எதைச் சொல்ல வேண்டும் என்று அவள் முதலில் கவனிக்க வேண்டும், ஞாபகம் வைக்க வேண்டும், சரியான நேரம் பார்த்துச் சொல்ல வேண்டும், செய்தாயிற்றா என்று திரும்பப் பார்க்க வேண்டும். காலையில் அந்தக் கட்டையை இழுத்தவர் யாராவது சொல்லட்டும் என்று நின்றிருந்தால் கூழ் கருகியிருக்கும். வீட்டில் அந்தக் கண் ஏன் மூடிக்கொள்கிறது?

என் வீட்டில் 1991-இல் ஒரு ஏற்பாடு செய்தோம். பள்ளிச் சாப்பாட்டு டப்பா முழுசாக என் கணவருடையது. முழுசாக என்றால் ரொட்டி தீர்ந்ததா என்று பார்ப்பது, வாங்குவது, கட்டுவது, சாயங்காலம் பையிலிருந்து எடுத்துக் கழுவுவது, பிள்ளை எதைத் தின்னாமல் கொண்டுவருகிறாள் என்று கவனிப்பது எல்லாம். முதல் 9 நாள் பிள்ளைகள் கடலை வெண்ணெய் ரொட்டியே தின்றார்கள். எனக்கு நாக்கு நுனிவரை வந்தது, சொல்லவில்லை. பத்தாவது நாள் அவரே பீன்ஸ் கறியை ரொட்டிக்குள் சுருட்டிக் கொடுத்தனுப்பினார். அதற்கப்புறம் அந்த டப்பாவைப் பற்றி நான் யோசிக்கவே இல்லை. எட்டு வருஷம். அந்த நிம்மதி எவ்வளவு பெரியது என்பது அதை இறக்கி வைத்தவளுக்குத்தான் தெரியும்.

பெண்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். அவர் மடித்த துணியைப் பிரித்துத் திரும்ப மடிக்காதீர்கள். மாமியார்களே, மகன் பாத்திரம் கழுவினால் உச்சுக் கொட்டாதீர்கள். அப்புறம் "பொண்டாட்டிதாசன்" என்கிற வார்த்தை. கடையில், இறைச்சி சுடுகிற பிராய் அடுப்பைச் சுற்றி நிற்கும்போது, ஆண்களே ஆண்களைப் பார்த்துச் சொல்கிறார்கள். இறக்குமதித் துணி வந்து ஆலைகள் மூடியபோது நம் ஆட்கள் எத்தனை பேருக்கு வேலை போனது! மனைவி சம்பாதிக்க, தான் வீட்டில் இருந்த ஆண்களைப் பார்த்திருக்கிறேன். வெட்கத்தில் வாசலுக்கு வரமாட்டார்கள், உள்ளே சமைக்கவும் மாட்டார்கள். சமைத்தால் இருக்கிற கொஞ்சம் மானமும் போய்விடும் என்ற பயம். அந்த ஒரு வார்த்தையால் அவர்களை இரண்டு பக்கமும் அடைத்துவிட்டோம்.

இளம் தம்பதிகளுக்கு ஒரு செய்தி. பிள்ளை பிறந்தால் தாய்க்கு நான்கு மாத விடுப்பு, தகப்பனுக்கு 2020 முதல் 10 நாள், இப்படித்தான் இருந்தது. 2025 அக்டோபர் 3-ஆம் தேதி அரசியலமைப்பு நீதிமன்றம் அதை மாற்றியது. இருவரும் வேலையில் இருந்தால் நான்கு மாதமும் 10 நாளும் சேர்த்து இருவருக்கும் பொது, தங்களுக்குள் பேசிப் பிரித்துக்கொள்ளலாம். பெற்றவள் ஆறு வாரம் வேலைக்குத் திரும்பக் கூடாது என்ற பாதுகாப்பு அப்படியே இருக்கிறது. நாடாளுமன்றம் புதிய சட்டம் எழுத மூன்று வருஷம் அவகாசம், அதுவரை இந்த ஏற்பாடு நடப்பில் உண்டு. தம்பிகளே, அந்த நாட்களைக் கேட்டு வாங்குங்கள். பிள்ளை ராத்திரி 2 மணிக்கு எதற்கு அழுகிறது என்று தனியாக இருந்து கற்றுக்கொண்ட தகப்பனுக்கு அப்புறம் யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

அடுத்த மாதம் புரட்டாசி. வீடு கழுவி, பித்தளை விளக்குத் தேய்த்து, ஒரு மாதம் சைவம் சமைத்து, சனிக்கிழமை பூசை போட வேண்டும். வேலைக்குப் போகிற பெண்ணுக்கு அது எப்படிப்பட்ட மாதம் என்று வீட்டில் கேட்டுப் பாருங்கள். இந்த வருஷம் ஒரே ஒரு சனிக்கிழமையை ஆண்கள் முழுசாக எடுத்துக்கொள்ளுங்கள். பட்டியல் போடுவதிலிருந்து கடைசி விளக்கைத் துடைத்து வைப்பதுவரை.

நேரம் ஆகிவிட்டது. காலையில் கிண்டிய இரண்டு அண்டாவும் பின்பக்கம் தண்ணீர் ஊற்றி ஊறிக்கொண்டிருக்கின்றன. வழக்கமாக அதைத் தேய்க்கிற அக்காமார் நாலு பேரும் இதோ முன் வரிசையில் உட்கார்ந்திருக்கிறார்கள். அக்கா, நீங்கள் எழுந்திருக்க வேண்டாம். தேய்க்கிற நார் குழாயடியில் இருக்கிறது. கிண்டிய தம்பிகளே, வாருங்கள்.