திலீப் குமாரின் தம்பி ஏன் லாகூரை விட்டு வந்தார்? – நேயர் சந்தேகத்துக்கு விளக்கம்

அடுத்த கேள்வி. ஒரு நேயர் கேட்டிருக்கார்: "பாகிஸ்தானோட முதல் படத்துக்கு கதாநாயகன் திலீப் குமாரோட தம்பின்னு போன பகுதியில சொன்னீங்க. முதல் ஹீரோவா இருந்தவர் ஏன் அங்கயே நிக்கல?"

நல்ல கேள்விங்க. பேரு நாசிர் கான். பெஷாவர்ல இருந்து பம்பாய்க்கு வந்த பழ வியாபாரி குடும்பம். பிரிவினைக்கு முன்னாடியே 1945-ல 'மஸ்தூர்', 1947-ல 'ஷெஹ்னாய்' பண்ணியிருந்தார். அப்புறம் லாகூர் போறார். 'தேரி யாத்' படம் 1948 ஆகஸ்ட் 7-ம் தேதி, லாகூர் பிரபாத் தியேட்டர்ல ரிலீஸ் ஆகுது. ஜோடி ஆஷா போஸ்லே. பம்பாய் பாடகின்னு நினைச்சுடாதீங்க, இவங்க வேற. மியூசிக் இவங்க அப்பா இனாயத் அலி நாத். டைரக்டர் தாவூத் சாந்த்.

படம் ஓடல. அடுத்த வருஷம் 'ஷாஹிதா', அதுவும் கை கொடுக்கல. நடிப்பு சரியில்லன்னு சுலபமா சொல்லிடலாம். நான் அப்படி சொல்ல மாட்டேன். இங்க அடிக்கடி சொல்றதுதான்: நடிகனோட முகத்தைப் பார்க்கறதுக்கு முன்னாடி, ஸ்டூடியோ யாரு கையில, தியேட்டர்ல வேற என்ன ஓடுதுன்னு பாருங்க.

லாகூர் சினிமாவுல பெரிய ஆள், ஸ்டூடியோ முதலாளி தல்சுக் பஞ்சோலி. பிரிவினையில அவர் பம்பாய்க்குப் போயிட்டார். ஸ்டூடியோவைப் பார்த்துக்கிட்ட திவான் சர்தாரி லால்தான் 'தேரி யாத்' எடுத்தார். முதலாளி இல்ல, பணம் போடற ஆளுங்க பாதிப் பேரு எல்லை தாண்டிப் போயாச்சு, டெக்னீஷியன்களும் அப்படித்தான். ஆனா தியேட்டருக்குப் பம்பாய் படங்க மட்டும் வந்துக்கிட்டே இருக்கு, தடை கிடையாது. அதே 1948-ல அண்ணன் திலீப் குமாருக்கு பம்பாய்ல 'மேளா', 'ஷஹீத்'. தம்பி எதோட போட்டி போடணும்னு பாருங்க!

1951-ல நாசிர் கான் பம்பாய் திரும்பறார். அந்த வருஷம் 'நகீனா' நல்லா ஓடுது. அதோட தயாரிப்பாளர் யாரு? அதே பஞ்சோலி! லாகூர்ல அவர் விட்டுட்டுப் போன ஸ்டூடியோ ஆளுங்க எடுத்த படம் விழுந்துச்சு, பம்பாய்ல அவரே எடுத்த படம் ஜெயிச்சுது. நடிகர் ஒரே ஆள்தான். நான் சொன்னதுக்கு இதைவிட சாட்சி வேணுமா? சொல்ல மறந்துட்டேன், 'நகீனா'வுக்கு ஏ சர்டிபிகேட். கதாநாயகி நூதனுக்கு வயசு பத்தலன்னு அவங்க படத்துக்கே அவங்களை உள்ள விடலன்னு சொல்வாங்க. அப்புறம் 1961-ல 'கங்கா ஜம்னா'வுல அண்ணனுக்குத் தம்பியாவே நடிச்சார். நம்ம 'இரு துருவம்' அதோட தமிழ்தான்.

ஆனா "ஏன் போனார்"ங்கறதைவிட, "இருந்தவங்க எப்படி நின்னாங்க"ன்னு கேட்டிருந்தா இன்னும் சந்தோஷப்பட்டிருப்பேன். நசீரையும் அவர் மனைவி ஸ்வர்ண லதாவையும் எடுத்துக்குங்க. இவர் நாசிர் கான் இல்ல, வேற ஆள். நசீர் பம்பாய்ல ஹிந்த் பிக்சர்ஸ்னு சொந்தக் கம்பெனி நடத்தினவர். அந்தம்மா 1944 'ரத்தன்'ல நடிச்ச பெரிய நட்சத்திரம். ரெண்டு பேரும் அதெல்லாம் விட்டுட்டு லாகூர் வந்து 1949-ல 'பேரே' எடுத்தாங்க. தயாரிப்பு, டைரக்ஷன், ஹீரோ மூணும் நசீர். மொழி உருது இல்ல, பஞ்சாபி. அங்கதான் கெட்டிக்காரத்தனம்! உருதுல எடுத்தா பம்பாயோட நேருக்கு நேர் மோதணும். பஞ்சாபிக்கு லாகூர்ல வீட்டு ஜனமே இருக்கு. இசையமைப்பாளர் ஜி. ஏ. சிஷ்தி ஒரே நாள்ல ஆறு பாட்டு முடிச்சுக் கொடுத்தார்னு பேச்சு. நாள் இழுத்தா ஸ்டூடியோ வாடகை ஏறுமே! பாகிஸ்தானோட முதல் பஞ்சாபிப் படம் அது, ஓடினது 25 வாரம். அங்க அதுக்கு முன்னாடி எந்தப் படமும் வெள்ளிவிழா பார்த்ததில்ல. உருதுப் படம் அந்தக் கணக்கை எட்ட 1950-ல 'தோ ஆன்சூ' வரைக்கும் காத்திருக்க வேண்டியிருந்துச்சு. அதுல சந்தோஷ் குமாரும் சபீஹாவும்.

அப்பவும் பம்பாய் படத் தொல்லை தீரல. 1954-ல 'ஜால்'ங்கற இந்தியப் படத்தை மேற்கு பாகிஸ்தான்ல ஓட்டக்கூடாதுன்னு நடிகர்களும் தயாரிப்பாளர்களும் தெருவுல இறங்கி, ஜெயிலுக்கும் போனாங்க. அதுக்கப்புறம்தான் படத்துக்குப் படம் மாத்திக்கற ஏற்பாடு, அதாவது ஒரு இந்தியப் படம் வந்தா ஒரு பாகிஸ்தான் படம் இந்தியாவுக்குப் போகணும்ங்கறது, வந்துச்சு. 1965 போரோட இந்தியப் படமே அடியோட நின்னுச்சு. அந்த 'ஜால்' போராட்டத்தை யாராவது தனியா ஒரு கேள்வியா அனுப்புங்க, விரிவாப் பேசலாம்.