மேஸ்திரிக்கு முகம் எதற்கு?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். தூய்மைப் பணியாளர்களை ஆவணப்படமாக எடுப்பவரின் முதல் கடமை, உண்மையை ஊருக்குக் காட்டுவதா, படத்தில் இருப்பவரைக் காப்பதா என்பது தலைப்பு. காப்பதே என்று பேச வந்திருக்கிறேன்.

எதிரணி நண்பர் 2017இல் திவ்யபாரதி இயக்கி வெளிவந்த 'கக்கூஸ்' படத்தை எடுத்துக்காட்டினார். கையால் மலம் அள்ளவைப்பதைத் தடுக்கும் சட்டம் 2013இல் வந்த பிறகும் அந்த வேலை நடக்கிறது என்று முகத்தில் அறைந்த படம். மறுக்கவில்லை. ஆனால் அதன் வலுவே தொழிலாளர்கள் தங்கள் வாயால் பேசியதுதானே? அப்படிப் பேசுகிறவருக்கு நாளைக்கு வேலை இருக்குமா என்பதே எங்கள் கேள்வி.

அந்த 2013 சட்டப்படி, சாக்கடைக்குள் பாதுகாப்பின்றி ஆளை இறக்கினால், முதல் குற்றத்துக்கே 2 ஆண்டு வரை சிறை அல்லது 2 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். அப்படியானால் நீங்கள் எடுக்கும் காட்சி ஒப்பந்தக்காரருக்கு எதிரான சாட்சி. படம் வெளியானதும் அவர் முதலில் தேடுவது பேசிய ஆளைத்தான்.

"முகத்தை மங்கலாக்கினோமே" என்றார் நண்பர். மேஸ்திரிக்கு முகம் எதற்கு? ஆளை அடையாளம் காண நடை போதும், குரல் போதும், கையில் குத்திய பச்சை போதும், பின்னால் நிற்கும் குப்பை வண்டியின் எண் போதும். எடிட்டிங்கில் மங்கலாக்கினாலும் மெமரி கார்டில் முழு முகம் இருக்கிறதே. கார்டு கைமாறினால் என்ன செய்வீர்கள்? மறைப்பதைப் படப்பிடிப்பிலேயே மறைக்க வேண்டும். ஆளை ஜன்னலுக்கு முன்னால் உட்காரவைத்து, ஜன்னல் வெளிச்சத்துக்கு ஏற்ப எக்ஸ்போஷரை, அதாவது கேமரா உள்வாங்கும் ஒளியின் அளவை, வைத்தால் முகம் கறுப்பு உருவமாகத்தான் பதியும். ஆட்டோ எக்ஸ்போஷரை அணைக்காமல் விட்டால், வெளியே மேகம் மூடியதும் கேமரா தானாகவே முகத்தைத் துலக்கிக் காட்டிவிடும். குரலின் சுருதியை மட்டும் மாற்றுவதும் ஆபத்து, அதைத் திருப்பிவிட முடியும். சொன்னதை எழுதி வேறொருவரைப் பேசவைப்பதே பத்திரம்.

கையெழுத்து வாங்கிவிட்டோம் என்கிறீர்கள். மேஸ்திரி பக்கத்தில் நிற்கும்போது தலையாட்டுவது சம்மதமா? தனியாகக் கேளுங்கள். மூன்று முறை கேளுங்கள்: எடுக்கும் முன்பு, முதலில் தொகுத்த படத்தைக் குடும்பத்தோடு போட்டுக்காட்டிய பிறகு, யூடியூபில் ஏற்றும் முன்பு. மூன்றாவதைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். அரங்கில் திரையிடச் சம்மதித்தவர், தன் தெருவில் எல்லோர் செல்பேசியிலும் அது ஓடுவதற்குச் சம்மதிக்கவில்லை. அவர் "வேண்டாம்" என்றால் வெட்டுங்கள். சட்டையில் மாட்டிய மைக் தேநீர் இடைவேளையிலும் ஓடும். அதில் பதிந்ததைப் போட்டுக் கேட்காமலே அழியுங்கள்.

"இப்படிக் கேட்டால் நல்ல காட்சி போய்விடும்" என்கிறார் நண்பர். போகட்டும். தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப்போட்டுக் கையுறை வழங்கிய பதிவேட்டின் நகலை வாங்குங்கள். வழங்கியதாக எழுதிய வரியை நெருக்கத்தில் காட்டி, அடுத்த ஷாட்டில் அடைப்பெடுக்கும் வெறுங்கைகளை வையுங்கள், தழும்போ பச்சையோ தெரியாத கோணத்தில். அந்த ஒப்பந்தக்காரர் பதில் சொல்லியே ஆக வேண்டும். யாரைப் பழிவாங்குவது என்றுதான் அவருக்குத் தெரியாது, நடுவர் அவர்களே.